எலி மருந்தைப் பற்றி யோசிக்கும் முன் தொட்டியின் மூடியைப் பாருங்கள்

வாசகர் கேள்வி: எங்கள் வீட்டுப் பின்பக்கச் சுவரோரம் இரண்டு பிளாஸ்டிக் குப்பைத் தொட்டிகள் வைத்திருக்கிறோம். ஆறு மாதங்களாக எலித் தொல்லை தாங்கவில்லை. மூன்று முறை மருந்து வைத்தோம். ஒவ்வொரு முறையும் சில வாரங்கள் அமைதியாக இருக்கிறது, பிறகு பழைய கதைதான். ஒரு தொட்டியின் அடி மூலையைக் கொறித்து ஓட்டை போட்டுவிட்டன. அந்துருண்டை போட்டுப் பார்த்தோம், மின்சாரத்தில் இயங்கும் ஒலிக் கருவியும் வாங்கி வைத்தோம், பயனில்லை. தொட்டி நிரம்பிவிடும் நாட்களில் மீதிப் பையை வாய் கட்டிப் பக்கத்திலேயே வைத்துவிடுகிறோம். வீட்டில் நான்கு வயதுக் குழந்தையும் ஒரு நாயும் இருப்பதால் இதைவிடக் கடுமையான மருந்து வைக்க அச்சமாக இருக்கிறது. எப்படிப்பட்ட தொட்டி வாங்குவது? எலிகள் வீட்டுக்குள்ளும் வந்துவிடுமா?

பதில்:

அன்புள்ள வாசகருக்கு,

நீங்கள் செய்து பார்த்தவற்றையெல்லாம் விரிவாக எழுதியிருக்கிறீர்கள். ஆனால் உங்கள் கடிதத்தில் எனக்கு மிக முக்கியமாகப் பட்டது நீங்கள் போகிற போக்கில் எழுதிய ஒரு வரிதான்: மீதிப் பையை வாய் கட்டிப் பக்கத்திலேயே வைத்துவிடுகிறோம் என்பது. கொறிவிலங்குக் கட்டுப்பாட்டையே தொழிலாகக் கொண்டவன் என்ற முறையில் எத்தனையோ வீடுகளின் பின்வாசலில் குனிந்து பார்த்திருக்கிறேன். தொல்லை தீராத வீடுகளில் மருந்து போதாமல் இருந்ததைவிட, இரவு முழுவதும் எலிக்கு எட்டும்படி எங்கோ ஓரிடத்தில் உணவு இருந்ததே பெரும்பாலும் காரணமாக இருந்தது. உங்கள் வீட்டில் அந்த இடம் எது என்பதை நீங்களே எழுதிவிட்டீர்கள். தரையில் வைத்த ஒரு மெல்லிய பையைக் கிழிக்க எலிக்கு ஒரு நிமிடம்கூட வேண்டாம்.

மருந்து வைத்தபின் சில வாரங்களில் எலிகள் ஏன் திரும்பி வருகின்றன என்பதைப் புரிந்துகொண்டால் மற்ற எல்லாம் எளிதாகும். 1940-களில் அமெரிக்காவின் பால்டிமோர் நகரத்தில் டேவிட் டேவிஸ் என்ற உயிரியலாளரும் அவருடன் பணியாற்றியவர்களும் குடியிருப்புப் பகுதிகளில் வாழ்ந்த எலிகளை ஆண்டுக்கணக்கில் எண்ணி ஆராய்ந்தார்கள். எலிகளைப் பிடித்தும் கொன்றும் குறைத்த இடங்களில் எஞ்சியவை பெருகிப் பழைய எண்ணிக்கையை நோக்கி மீண்டும் ஏறின. குப்பையையும் ஒளிவிடங்களையும் ஒழுங்குபடுத்திய இடங்களிலோ எண்ணிக்கை குறைந்து, குறைந்த நிலையிலேயே நின்றது. ஓரிடத்தில் எத்தனை எலிகள் வாழும் என்பதை அந்த இடத்தில் கிடைக்கும் உணவும் மறைவிடமுமே தீர்மானிக்கின்றன. பெண் எலியின் கர்ப்ப காலம் ஏறக்குறைய மூன்று வாரம்தான், ஓர் ஈற்றில் ஆறு முதல் பன்னிரண்டு குட்டிகள் வரை ஈனும், அந்தக் குட்டிகளும் இரண்டு மூன்று மாதங்களில் இனப்பெருக்கத்துக்குத் தயாராகிவிடும். ஆகவே நீங்கள் மருந்து வைத்துக் காலி செய்த இடத்தைச் சாப்பாடு அப்படியே காத்திருக்கும்போது மற்றவை நிரப்பிவிடுகின்றன. இதில் உங்கள் தவறோ மருந்தின் தவறோ எதுவும் இல்லை.

எவ்வளவு உணவு என்பதையும் பாருங்கள். வளர்ந்த பெரிய எலி ஒன்றுக்கு நாளொன்றுக்கு ஏறத்தாழ 30 கிராம் உணவு போதும். சுண்டெலிக்கு 3 கிராமே அதிகம். ஒரு வேளைச் சாப்பாட்டில் தட்டில் மீந்து பையோடு போகும் ஒரு கைப்பிடி உணவு இரண்டு மூன்று பெரிய எலிகளின் ஒரு நாள் பசியைத் தீர்த்துவிடும். "நாங்கள் அதிகம் வீணாக்குவதில்லையே" என்று பலர் என்னிடம் சொல்வதுண்டு. உண்மையாகத்தான் சொல்கிறார்கள். ஆனால் நமக்கு அற்பமான அளவு எலிக்கு விருந்து என்பது நம் கண்ணில் படுவதில்லை.

வேலையைத் தொடங்கும் முன் வந்திருப்பது யார் என்று தெரிந்துகொள்ளுங்கள். பெரிதாக இருப்பதையெல்லாம் பெருச்சாளி என்றும் சிறிதாக இருப்பதையெல்லாம் சுண்டெலி என்றும் சொல்லிவிடுவது நம் வழக்கம். ஆனால் சிறியதாகத் தெரிவது பெரிய எலியின் குட்டியாகவும் இருக்கலாம். புழுக்கையைப் பார்த்தால் தெளிவு கிடைக்கும். அரிசி மணியைவிடச் சிறிதாக, மூன்று முதல் ஆறு மில்லிமீட்டர் நீளத்தில், முனை கூர்மையாக இருந்தால் சுண்டெலி. ஒன்றரை சென்டிமீட்டரையொட்டிப் பருமனாக, முனை மழுங்கி இருந்தால் தரையில் வளை தோண்டி வாழும் பழுப்பு எலி. ஏறக்குறைய அதே நீளத்தில் மெலிந்து, இரு முனையும் கூர்மையாக இருந்தால் சுவரேறிப் பரணிலும் கூரையிலும் வாழும் கறுப்பு எலி. தொட்டியின் மூலையைக் கொறித்திருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்களே, அந்த ஓட்டையின் விளிம்பை டார்ச் வெளிச்சத்தைப் பக்கவாட்டில் சாய்த்துப் பிடித்துப் பாருங்கள். பற்கள் இழுத்த கோடுகள் இணை இணையாகத் தெரியும். கோடுகள் ஊசியால் கீறியதுபோல் மெல்லியதாக இருந்தால் சுண்டெலி, உளியால் செதுக்கியதுபோல் அகலமாக இருந்தால் பெரிய எலி. நீங்கள் சொல்லும் அளவு ஓட்டையைப் போட்டது பெரிய எலியாகவே இருக்கும் என்பது என் எண்ணம். சுவரோரத்தில் தரையையொட்டிய உயரத்தில் எண்ணெய்ப் பிசுக்கு படிந்ததுபோல் கறுத்த கோடு ஓடினால் அதுதான் அவற்றின் வழி. எலி திறந்தவெளியில் நடக்க விரும்பாது, உடல் சுவரில் உரசும்படியே ஒவ்வொரு நாளும் அதே பாதையில் போகும்.

இனித் தொட்டிக்கு வருவோம். எலியின் முன்பற்கள் வாழ்நாள் முழுவதும் வளர்ந்துகொண்டே இருக்கும். அதனால் எதையாவது கொறித்துத் தேய்த்துக்கொண்டே இருப்பது அதன் இயல்பு. பிளாஸ்டிக், மரம், அலுமினியத் தகடு, ஈயக் குழாய், சரியாக இறுகாத சிமெண்ட் எல்லாவற்றையும் அது கொறித்திருக்கிறது. ஆனால் கொறிக்கத் தொடங்க அதற்கு ஒரு விளிம்பு வேண்டும். அகலமான வழவழப்பான பரப்பில் பல் பிடிக்காது. விளிம்பு, மடிப்பு, ஏற்கெனவே விழுந்த கீறல், தேய்ந்த மூலை ஆகியவற்றில்தான் ஆரம்பிக்கும். உங்கள் தொட்டி அடி மூலையில் ஓட்டையானதற்கு அதுவே காரணம். தொட்டியைத் தரையில் தரதரவென்று இழுத்துப் போகும்போது முதலில் தேய்வது அந்த மூலைதான். தேய்ந்து மெலிந்து ஒரு விளிம்பு உருவானதும் எலிக்குப் பாதி வேலை முடிந்துவிட்டது.

எனவே என்ன வாங்குவது என்ற கேள்விக்கு நேரான பதில்: துத்தநாகம் பூசிய இரும்புத் தகரத்தால் அல்லது துருப்பிடிக்காத எஃகால் செய்த, மூடி இறுக்கமாகப் பொருந்துகிற தொட்டி. அது கிடைக்காவிட்டால், அல்லது குப்பை அள்ளும் வண்டிக்கு ஏற்ற பிளாஸ்டிக் தொட்டியையே பயன்படுத்த வேண்டிய கட்டாயம் இருந்தால், தடித்த சுவருடைய, அடியில் விரிசலோ தேய்மானமோ இல்லாத, சக்கரம் வைத்த பிளாஸ்டிக் தொட்டியே போதும். நல்ல மூடி உள்ள பிளாஸ்டிக் தொட்டி, மூடி சரியில்லாத இரும்புத் தொட்டியைவிடப் பலமடங்கு மேலானது. இதை அழுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் விலை கொடுத்து இரும்புத் தொட்டி வாங்கிவிட்டு அதன் மூடியைப் பக்கத்தில் சாய்த்து வைத்திருப்பவர்களை நான் அடிக்கடி பார்க்கிறேன்.

மூடி என்றால் மேலே கிடப்பது மட்டும் போதாது. ஓர் இரவு டார்ச் எடுத்துக்கொண்டு போய் உங்கள் தொட்டியின் மூடிக்கு நேராகக் கண்ணை வைத்து விளிம்பைச் சுற்றிப் பாருங்கள். பை நிரம்பி, அதன் முடிச்சு மேலே துருத்திக்கொண்டு, மூடியை ஒரு பக்கம் இரண்டு விரல் அளவுக்குத் தூக்கி நிறுத்தியிருக்கும். பகலில் நின்று பார்க்கும் நமக்குத் தொட்டி மூடியிருப்பதாகவே தோன்றும். எலிக்கு அது திறந்த வாசல். சுண்டெலி ஒரு பென்சில் நுழையும் ஓட்டைக்குள், அதாவது ஆறு ஏழு மில்லிமீட்டர் இடைவெளிக்குள் நுழைந்துவிடும். எலிக்கு 12 மில்லிமீட்டர் போதும். பெரிய எலி நின்ற இடத்திலிருந்து முக்கால் மீட்டருக்கு மேல் எம்பும், சொரசொரப்பான சுவரில் ஏறும், பக்கத்துக் குழாய் வழியாக வந்து மேலிருந்தும் குதிக்கும். ஆகவே தொட்டி உயரமாக இருப்பது பாதுகாப்பு ஆகாது. மூடி முழுவதும் கீழே அமர்ந்து, கொக்கியோ இறுக்கும் பட்டையோ போட்டுப் பூட்டும்படி இருக்க வேண்டும். கீல் பக்கத்தை மறந்துவிடாதீர்கள். பல தொட்டிகளில் முன்பக்கம் கச்சிதமாக மூடும், பின்னால் கீலின் இரு புறமும் விரல் நுழையும் சந்து இருக்கும்.

அடியில் தண்ணீர் வடிவதற்கு ஓட்டை வைத்த தொட்டிகள் உண்டு. அந்த ஓட்டைக்கு ஆறு மில்லிமீட்டர் கண்ணளவுள்ள துத்தநாகம் பூசிய கம்பி வலையை உட்புறமாக வைத்துத் திருகாணி போட்டு இறுக்குங்கள். மூலை ஓட்டையான பழைய தொட்டியைத் தூக்கி எறியத்தான் வேண்டும் என்பதில்லை. ஓட்டையைவிட எல்லாப் பக்கமும் ஐந்து சென்டிமீட்டர் பெரிதாக ஓர் இரும்புத் தகட்டை வெட்டி, மூலைக்கு ஏற்ப மடித்து, வெளிப்புறம் வைத்து ஆணியடித்து முடுக்கினால் இன்னும் பல காலம் உழைக்கும். துணி, நுரை, பசை நாடா, பிளாஸ்டிக் துண்டு ஆகியவற்றால் அடைப்பது வீண்வேலை. அவற்றை அது கொறித்துத் தள்ளிவிடும், சில நேரம் கூடு கட்டவும் எடுத்துப் போகும். சரிசெய்த தொட்டியை மண் தரையில் வைக்காமல் சிமெண்ட் தளத்தில் வையுங்கள். பழுப்பு எலி மண்ணுக்குள் வளை தோண்டித் தொட்டியின் அடிக்கே வரக்கூடியது. சுவரை ஒட்டி வைப்பதையும் விட்டுவிட்டு, அடியிலும் பின்னாலும் துடைப்பம் போகும் அளவுக்கு இடைவெளி விடுங்கள். சுவருக்கும் தொட்டிக்கும் நடுவே உள்ள இருட்டான சந்துதான் எலிக்குப் பிடித்த இடம்.

தொட்டியை விட முக்கியமானது நேரம். எலி பெரும்பாலும் பொழுது சாய்ந்த பின்னும் விடியலுக்கு முன்னும்தான் இரை தேடும். மாலையில் வெளியே வைத்த பை விடியும்வரை அதன் கையில் இருக்கிறது. நியூயார்க் நகரம் 2023 ஏப்ரல் 1 முதல், மாலை நான்கு மணிக்கே தெருவோரம் வைக்கப்பட்டு வந்த குப்பைப் பைகளை எட்டு மணிக்குப் பிறகே வைக்க வேண்டும் என்றும், மூடியுள்ள தொட்டியில் போட்டு வைத்தால் ஆறு மணிக்கே வைக்கலாம் என்றும் விதியை மாற்றியது. அந்த மாற்றத்தின் முக்கிய நோக்கங்களில் ஒன்று எலி. அவ்வளவு பெரிய நகரம் நான்கு மணி நேரத்தை எலியிடமிருந்து பறிப்பதற்காக மக்களின் வழக்கத்தையே மாற்ற முன்வந்தது என்பதை எண்ணிப் பாருங்கள். உங்களால் முடிந்தால் குப்பை அள்ளும் நாளன்று காலையிலேயே வெளியே வையுங்கள். முடியாதென்றால் இரவு படுக்கப் போகும் முன் கடைசி வேலையாக வையுங்கள், அதுவும் பூட்டிய தொட்டியில்.

மீதிப் பை விஷயத்துக்கு வருகிறேன். தொட்டி அடிக்கடி நிரம்பி வழிகிறது என்றால் தொட்டி சிறியது, அல்லது எல்லாக் குப்பையும் ஒன்றாகப் போகிறது. காகிதம், அட்டை, பாட்டில் போன்ற உலர்ந்தவற்றைத் தனியே பிரித்தால் உணவுக் கழிவுக்கான இடம் தொட்டியில் தாராளமாக மிஞ்சும். 1883 நவம்பரில் பாரிஸ் நகரத்தின் ஆட்சியாளராக இருந்த யூஜீன் பூபெல், வீட்டு உரிமையாளர்கள் குடியிருப்போருக்கு மூடியுள்ள தொட்டிகளை வழங்க வேண்டும் என்று ஆணையிட்டபோது, அழுகுபவற்றையும் காகிதம், துணி முதலியவற்றையும் வெவ்வேறாகப் போட வேண்டும் என்றும் சேர்த்தே சொன்னார். பிரெஞ்சு மொழியில் குப்பைத் தொட்டிக்கு இன்றும் அவர் பெயர்தான் வழங்குகிறது. மூடியையும் பிரித்தலையும் அவர் சேர்த்தே நினைத்தது எனக்கு மிகச் சரியாகப் படுகிறது. உலர்ந்த குப்பை நிரம்பினால் அதை எலிக்கு எட்டாத அறையில் ஓரிரு நாள் வைக்கலாம். ஆனால் அதிலும் உணவு ஒட்டிய டப்பாவை ஒரு முறை கழுவிவிட்டுப் போடுங்கள், எண்ணெய் ஊறிய காகிதத்தை உணவுக் கழிவோடு சேருங்கள். உணவுக் கழிவில் உள்ள நீரை முதலில் வடித்து, பழைய காகிதத்தில் சுருட்டிப் பையில் போட்டால் வாடையும் கசிவும் பெருமளவு குறையும். தொட்டியின் அடியில் தேங்கும் அந்தக் கறுத்த நீர் எலிக்கு உணவாகவும் குடிநீராகவும் ஆகிறது. தொட்டியை வாரம் ஒரு முறை சோப்பு நீரால் தேய்த்துக் கழுவிக் கவிழ்த்துக் காயவையுங்கள், வைக்கும் தளத்தையும் சேர்த்துக் கழுவுங்கள்.

அதிக நாள் இடைவெளி விட்டே குப்பை அள்ள வருகிறார்கள் என்றால், இறைச்சி, எலும்பு, மீன் போன்ற வாடை மிகுந்த மிச்சங்களை மட்டும் ஒரு டப்பாவில் இறுக மூடி உறைபெட்டியில் வைத்திருந்து, அள்ளும் நாளன்று தொட்டியில் போடலாம். இதைக் கேட்டுச் சிலர் முகம் சுளிப்பார்கள். செய்து பார்த்தவர்கள் விட்டதில்லை.

தொட்டியைப் பூட்டிய பிறகும் எலி வந்துகொண்டிருந்தால் வேறு சாப்பாடு கிடைக்கிறது என்று பொருள். உங்கள் வீட்டில் நாய் இருக்கிறது. அதன் தட்டு இரவில் வெளியே இருக்கிறதா? தின்றுவிட்டு மிச்சம் வைக்கிறதா? பறவைகளுக்கு இரை போடும் பழக்கம் உண்டா? மரத்திலிருந்து விழுந்த பழங்கள் கிடக்கின்றனவா? உரக்குழியில் சமைத்த உணவையும் போடுகிறீர்களா? இவற்றில் நாயின் தட்டைத்தான் நான் முதலில் சந்தேகிப்பேன், எலிகளை வளர்ப்பதில் குப்பைத் தொட்டிக்கு அடுத்த இடம் அதற்குத்தான். நாயின் கழிவையும் அன்றன்றே அகற்றுங்கள், எலி அதையும் தின்னும். சொட்டும் குழாய், வாளியில் நிற்கும் நீர், நாயின் தண்ணீர்ப் பாத்திரம் ஆகியவற்றையும் இரவில் கவனியுங்கள். சுண்டெலிக்கு உணவிலுள்ள ஈரமே போதும், பெரிய எலிக்கோ நாள்தோறும் தண்ணீர் தேவை. சுவரோரம் அடுக்கிய பழைய மரம், செங்கல், அட்டைப் பெட்டி, அடர்ந்த புதர் ஆகியவற்றை அகற்றித் தொட்டியைச் சுற்றி ஒரு மீட்டர் அளவுக்காவது வெட்டவெளியாக வையுங்கள்.

வீட்டுக்குள் வருமா என்று கேட்டிருந்தீர்கள். வரலாம், குறிப்பாக நீங்கள் தொட்டியைப் பூட்டிய முதல் இரண்டு மூன்று வாரங்களில். பழக்கப்பட்ட இடத்தில் உணவு நின்றுவிட்டால் எலி உடனே ஊரைவிட்டுப் போய்விடாது, அக்கம்பக்கத்தில் துழாவும். அந்த நேரத்தில் வீட்டுக்குள் போக வழி இருந்தால் உள்ளே வந்துவிடும். ஆகவே வரிசை முக்கியம்: முதலில் வீட்டின் ஓட்டைகளை அடையுங்கள், அதன் பிறகு தொட்டியைப் பூட்டுங்கள். இந்த வரிசையைத் தலைகீழாகச் செய்துவிட்டு, முற்றத்து எலியைச் சமையலறைக்கு அழைத்துக்கொண்டவர்கள் உண்டு. குழாய்களும் மின்கம்பிகளும் சுவரைத் துளைத்துக்கொண்டு உள்ளே போகும் இடங்கள், கழிவுநீர்க் குழாயின் வாய், காற்றுத் துவாரங்கள், கதவின் அடிச் சந்து, கூரையும் சுவரும் சேரும் இடம் ஆகியவற்றை ஒவ்வொன்றாகப் பாருங்கள். சிறிய ஓட்டைகளில் எஃகு நாரை இறுகத் திணித்து மேலே சிமெண்டுச் சாந்து பூசுங்கள். காற்றுத் துவாரத்துக்குக் கம்பி வலை, கதவின் அடிக்குத் தகடு. பகலில் ஒருவர் உள்ளே விளக்கை அணைத்துவிட்டு நின்றால், வெளிச்சம் கசியும் இடங்கள் தாமே தெரியும்.

மருந்தைப் பற்றிய உங்கள் அச்சம் முற்றிலும் நியாயமானது. நான்கு வயதுக் குழந்தையும் நாயும் நடமாடும் முற்றத்தில் திறந்தவெளியில் மருந்து வைக்கவே கூடாது என்பது என் உறுதியான கருத்து. 1948-இல் சந்தைக்கு வந்த வார்ஃபரினும் அதன் வழியில் பின்னர் வந்தவையும் இரத்தம் உறைவதைத் தடுத்துக் கொல்பவை. தின்ற எலி சில நாட்கள் கழித்தே சாகும், அதற்குள் எங்கேயோ சந்தில் புகுந்துவிடும். அதைத் தின்ற நாய், பூனை, ஆந்தை முதலியவற்றையும் அந்த நஞ்சு தாக்கும். மஞ்சள் பாஸ்பரஸ் கலந்த எலிப் பசைக்கோ குறிப்பிட்ட முறிவு மருந்தே கிடையாது, அது கல்லீரலை அழித்துவிடும். அப்படிப்பட்ட பசை வீட்டில் மீதம் இருந்தால் குழந்தையின் கைக்கு எட்டாமல் பூட்டி வைத்து, நச்சுக் கழிவாக ஒப்படைக்க உங்கள் பகுதிச் சுகாதார அலுவலகத்தைக் கேளுங்கள். குழந்தை எதையாவது வாயில் வைத்துவிட்டதாகச் சந்தேகம் எழுந்தால்கூட, அறிகுறி தெரியட்டும் என்று காத்திராமல் மருந்தின் அட்டையையும் எடுத்துக்கொண்டு உடனே மருத்துவமனைக்குச் செல்லுங்கள். முதல் நாள் ஒன்றும் தெரியாமல் இருப்பது இந்த நஞ்சுகளின் இயல்பு.

அந்துருண்டையையும் எடுத்துவிடுங்கள். திறந்தவெளியில் அது எலியை விரட்டாது. குழந்தை மிட்டாய் என்று நினைத்து விழுங்கினால் இரத்தச் சிவப்பணுக்கள் சிதையும் ஆபத்து உண்டு. ஒலிக் கருவியைப் பொறுத்தவரை, அந்த ஒலி சுவரையும் பொருட்களையும் தாண்டிப் போகாது, எலியும் விரைவில் அதற்குப் பழகிவிடும். 2001-ஆம் ஆண்டில் அமெரிக்காவின் கூட்டாட்சி வணிக ஆணையம், இத்தகைய கருவிகளைத் தயாரித்தும் விற்றும் வந்த அறுபதுக்கும் மேற்பட்ட நிறுவனங்களுக்கு, விளம்பரத்தில் சொல்வதற்கு அறிவியல் ஆதாரம் வேண்டும் என்று எச்சரிக்கைக் கடிதம் அனுப்பியது. புதினா எண்ணெய் போன்ற வாசனைப் பொருட்களும் அப்படித்தான். வாசனை ஆவியாகிவிடும், பசி அப்படியே இருக்கும்.

எஞ்சியிருக்கும் ஓரிரு எலிகளைக் குறைக்கப் பொறி போதும். பெரிய எலிக்குப் புதுப்பொருள் என்றால் அச்சம். நேற்றில்லாத ஒன்று இன்று பாதையில் இருந்தால் பல நாட்கள் அதை ஒதுங்கிச் சுற்றிப் போகும். ஆகவே பொறியை முதலில் இழுத்து வைக்காமல், இரை மட்டும் வைத்து, நான்கைந்து நாள் தின்று பழகவிட்டு, பிறகு இழுத்து வையுங்கள். பொறியைச் சுவருக்குச் செங்குத்தாக, இரை வைத்த பக்கம் சுவரைத் தொடும்படி, அந்தப் பிசுக்குக் கோடு ஓடும் பாதையில் வைக்க வேண்டும். குழந்தையும் நாயும் இருப்பதால் அதைப் பூட்டக்கூடிய பெட்டிக்குள், எலி நுழையும் அளவு வாயில் மட்டும் விட்டு வையுங்கள். பசை அட்டையை நான் பரிந்துரைப்பதில்லை. அதில் ஒட்டிக்கொண்ட உயிர் மணிக்கணக்கில் துடிக்கும், பல்லியும் குருவியும்கூட மாட்டிக்கொள்ளும்.

சுத்தம் செய்யும்போது ஓர் எச்சரிக்கை. காய்ந்த புழுக்கையைத் துடைப்பத்தால் பெருக்காதீர்கள், தூசி உறிஞ்சும் இயந்திரத்தையும் பயன்படுத்தாதீர்கள். கிருமி கலந்த தூசி மூச்சோடு உள்ளே போகும். மூடிய இடமாக இருந்தால் அரை மணி நேரம் காற்றோட்டம் விட்டு, ரப்பர் கையுறை அணிந்து, ஒரு பங்கு பிளீச் திரவத்தை ஒன்பது பங்கு தண்ணீரில் கலந்து, புழுக்கையும் சிறுநீர்க் கறையும் நன்கு நனையும்படி தெளித்து, ஐந்து நிமிடம் ஊறவிட்டுக் காகிதத்தால் துடைத்தெடுங்கள். பிளீச்சை வேறு எந்தத் துப்புரவுத் திரவத்தோடும் கலக்காதீர்கள். எலியின் சிறுநீர் கலந்த நீரிலிருந்தும் ஈர மண்ணிலிருந்தும் தோலில் உள்ள சிறு காயங்கள் வழியாக எலிக்காய்ச்சல் பரவும். அதனால் தொட்டியைக் கழுவும் இடத்தில் குழந்தை வெறுங்காலோடு விளையாட வேண்டாம். வீட்டில் யாருக்காவது திடீர்க் காய்ச்சல், கடுமையான தலைவலி, கெண்டைக்கால் வலி, கண் சிவத்தல் வந்தால், வீட்டில் எலி நடமாட்டம் இருப்பதை மருத்துவரிடம் தவறாமல் சொல்லுங்கள். நாய்க்கும் இந்த நோய் வரும், அதற்குத் தடுப்பூசி உண்டு, கால்நடை மருத்துவரைக் கேளுங்கள்.

பலன் கிடைக்கிறதா என்று பார்க்க எளிய வழி இருக்கிறது. பழைய புழுக்கைகளையெல்லாம் சுத்தம் செய்துவிட்டு, நாய் போகாத சுவரோரம் ஒரு முழ நீளத்துக்கு மாவை மெல்லிய படலமாகத் தூவி வையுங்கள். காலையில் கால் தடமும் அதன் நடுவே வால் இழுத்த கோடும் இருந்தால் அது இன்னும் வருகிறது. தடத்தைப் பார்த்ததும் மாவைத் துடைத்தெடுத்துவிடுங்கள், அதுவும் உணவுதான். புதிய புழுக்கை மென்மையாகவும் பளபளப்பாகவும் இருக்கும், பழையது காய்ந்து தொட்டால் உதிரும். முதல் வாரத்தில் நடமாட்டம் கூடியதாகத் தோன்றினாலும் மனம் தளர வேண்டாம், அவை பழைய சாப்பாட்டைத் தேடி அலைகின்றன.

நான்கு வாரம் கழித்தும் புதிய தடங்கள் குறையவில்லை என்றாலோ, தளத்தையொட்டி மண்ணில் புதிய வளை வாய்கள் தோன்றினாலோ, உணவும் வளையும் உங்கள் சுவருக்கு அப்பால் இருக்கின்றன. பழுப்பு எலி தன் வளையிலிருந்து முப்பது, ஐம்பது மீட்டர் தூரம்வரை இரை தேடிப் போகும், அதற்கு உங்கள் வேலி ஒரு பொருட்டல்ல. அக்கம்பக்கத்து வீட்டாரிடம் குற்றம் சொல்லும் தொனி இல்லாமல் பேசி, அனைவரும் ஒரே வாரத்தில் தொட்டிகளைச் சரிசெய்யப் பாருங்கள். அதோடு உள்ளூர்ச் சுகாதார அலுவலகத்துக்கு எழுத்தில் தெரிவித்து, உடைந்த கழிவுநீர்க் குழாயோ திறந்து கிடக்கும் சாக்கடை மூடியோ அருகில் இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள். இன்று இரவுக்கு, சுவரோரம் கட்டி வைத்திருக்கும் அந்த மீதிப் பையை மட்டும் முதலில் உள்ளே எடுத்து வையுங்கள்.